பற்றீரியாக்களின் உருவமைப்பும் இனப்பாகுபாடும்

உயிர்களை அவற்றின் இயல்பு நோக்கி வகுத்துக் காணும் முயற்சி தமிழர்க்குப் புதியதன்று. ஓரறிவுயிர் முதல் ஆறறிவுயிர் ஈறாக உயிர்களை நிரற்படுத்திய தொல்காப்பியர், மரபியலில் நிலைத்திணைகளைப் பிரிக்குங்கால், வயிரம் புறத்தே அமைந்தவற்றைப் புல் என்றும் அகத்தே அமைந்தவற்றை மரம் என்றும் வகுத்தார். தென்னையும் பனையும் ஓங்கி வளர்ந்தும் புல்லினத்துட் சேர்ந்தமைக்கு இதுவே காரணம். உயரம், பருமை முதலிய புறத்தோற்றங்களோடு அமையாது, உறுதிப்பொருள் எங்கே அமைந்துள்ளது என நோக்கி இனம்பிரித்த இம்முறை சிந்தித்தற்குரியது. கண்ணுக்குப் புலனாகாத நுண்ணுயிர்களை வகுக்கப் புகுந்த மேனாட்டறிஞரும் பத்தொன்பதாம் நூற்றாண்டில் முதற்கண் உருவத்தை நோக்கினர். அது போதாமை கண்டு, பின்னர் அவ்வுயிர்களின் சுவரமைப்பை நோக்கினர்.

இவ்வாராய்ச்சி ஏட்டளவில் நிற்பதொன்றன்று. கோப்பிக் காலத்தில் தென்னிந்தியாவிலிருந்து மன்னார்க் கரையில் இறங்கி, காட்டுவழியே மாத்தளை வரை நடந்து, அங்கிருந்து கண்டிச் சீமைக்கும் ஊவாவுக்கும் பிரிந்து சென்ற தொழிலாளருள் ஆயிரக்கணக்கானோர் வழியிலேயே மடிந்தனர். அவர்களை மாய்த்த நோய்களுள் வாந்திபேதி முதன்மையானது. தம்மைக் கொல்வது யாதென அவர்கள் அறியார். அவர்களை அழைத்துச் சென்ற கங்காணிமாரும், தோட்டங்களிற் காத்திருந்த துரைமாரும் அறியார். அதே காலத்தில், 1854 ஆம் ஆண்டில், இத்தாலியின் புளோரன்சு நகரில் பிலிப்போ பச்சினி என்னும் மருத்துவர், வாந்திபேதியால் இறந்தோரின் குடலில் வளைந்த நுண்ணுயிர்கள் நிறைந்திருத்தலைக் கண்டார். அவர் கூற்றை உலகம் பொருட்படுத்தவில்லை. முப்பதாண்டுகள் கழித்து, 1884 இல், றொபேட் கொக் கல்கத்தாவில் அந்நுண்ணுயிரை மீண்டும் கண்டு, காற்புள்ளி போன்ற அதன் வளைவையே அடையாளமாகச் சுட்டினார். பகைவன் யாரெனத் தெரிந்தபின்னரே அவன் வரும் வழி நீர் என்பதும், அவ்வழியை அடைக்கும் முறையும் ஐயமின்றித் துணியப்பட்டன.

எனவே, ஒரு நுண்ணுயிரின் உருவம் அதனை இனங்காண எவ்வளவு துணைசெய்கின்றது, எவ்விடத்தில் துணைசெய்யாது நின்றுவிடுகின்றது என்னும் இருவினாக்களும் பதுளையிலும் அதனைச் சூழ்ந்த தோட்டங்களிலும் வாழும் மக்களின் உடல்நலத்தோடும் பிழைப்போடும் தொடர்புடையனவாகும். அவ்விரண்டையும் ஈண்டு ஒருவாறு ஆராய்வாம்.

மூவகை உருவம்

பற்றீரியாவை முதன்முதற் கண்டவர் ஒல்லாந்தரான லீவன்ஹூக். மிளகு ஏன் உறைக்கின்றது என அறியும் ஆவலால் அவர் மிளகை நீரில் ஊறவைத்து, தாம் தேய்த்து அமைத்த வில்லையினூடாக 1676 இல் அந்நீரை நோக்கினார். உறைப்பின் காரணம் அவருக்குப் புலப்படவில்லை. ஆயின், துள்ளித் திரியும் எண்ணிறந்த சிற்றுயிர்கள் புலப்பட்டன. தாவரங்களையும் விலங்குகளையும் ஒழுங்குபடுத்திய பெருமைக்குரிய லின்னேயசும் இச்சிற்றுயிர்களைப் பிரித்தறிய வகையின்றி, 'குழப்பம்' எனப் பொருள்படும் ஒரு பெயரின்கீழ் அவற்றை அடக்கிவிட்டார்.

இக்குழப்பத்தை ஒழுங்குபடுத்தியவர் பேர்டினாந்து கோன் என்னும் செருமானியத் தாவரவியலறிஞர். 1872 இல் அவர் வெளியிட்ட நூலில் பற்றீரியாக்கள் உருவத்தால் நான்கு கூட்டங்களாக வகுக்கப்பட்டன. அவற்றுள் குறுங்கோல், நெடுங்கோல் என்ற இரண்டும் பிற்காலத்தில் ஒன்றாகக் கொள்ளப்பட்டமையால், கோளவுரு, கோலுரு, சுருளுரு என்ற மூன்றே இன்று மாணவர் கற்கும் பாகுபாடாயின. கோனின் கொள்கைக்கு எதிர்ப்பும் எழாமலில்லை. பற்றீரியாக்களில் நிலையான இனங்கள் இல்லை, ஒன்றே சூழலுக்கேற்பப் பல உருவம் எடுக்கின்றது என நேகேலி முதலியோர் வாதித்தனர். தூய தனி வளர்ப்புகளைப் பெறும் முறையைக் கொக் வகுத்த பின்னரே, கோளம் கோளத்தையும் கோல் கோலையும் ஈனும் என்பது நிலைபெற்றது.

கோளவுருவின கொக்கசு எனப்படும். இவற்றின் விட்டம் ஏறத்தாழ ஒரு மைக்கிரோமீற்றர்; அஃதாவது மில்லிமீற்றரின் ஆயிரத்திலொரு பங்கு. தனித்த கோளங்கள் யாவும் ஒன்றுபோலவே தோன்றும். ஆனால், அவை பிரிந்து பெருகும் தளத்தின் திசை இனத்துக்கு இனம் வேறுபடுதலின், சேர்ந்திருக்கும் கோலமும் வேறுபடுகின்றது. ஒரே திசையிற் பிரிந்து பிரியாதொட்டி நிற்பன மணிமாலை போலத் தோன்றும். தொண்டை நோவு தரும் ஸ்ரெப்ரோகொக்கசு இவ்வகையது. ஒழுங்கின்றிப் பல திசைகளிற் பிரிவன முந்திரிகைக் குலைபோலத் திரண்டிருக்கும். கொழுந்து கொய்வோரின் கைக்கீறல்களிற் புகுந்து சீழ்க்கட்டு உண்டாக்கும் ஸ்ரபிலோகொக்கசு இவ்வகையது. இரண்டிரண்டாய் நிற்பன நிமோனியாக் காய்ச்சலைத் தருவனவற்றுட் காணப்படும். சீழில் ஒரு துளியை நுணுக்குக்காட்டியில் வைத்த அளவிலேயே, மாலையா குலையா என்பதைக்கொண்டு ஆய்வாளர் பாதித் தூரம் சென்றுவிடுகின்றார்.

கோலுருவின பசிலசு என வழங்கப்பட்டன. நீளமும் பருமையும், முனை மழுங்கியதா சதுரித்ததா என்பதும், தனித்து நிற்பதா சங்கிலியாய்க் கோப்பதா என்பதும் இவற்றின் அடையாளங்கள். சுருளுருவினவற்றுள் ஒரு வளைவே உடையது வாந்திபேதியின் விப்பிரியோ. பல வளைவுடையன சுருளிகள்.

சுருளிகளுள் ஊவாவின் தாழ்நிலத்து உழவர் அறிந்திருக்க வேண்டியது எலிக்காய்ச்சலைத் தரும் லெப்ரோஸ்பைரா. எலி முதலிய விலங்குகளின் சிறுநீர் கலந்த வயல்நீரிலும் வாய்க்காலிலும் இருந்து, காலிலுள்ள வெடிப்புகளின் வழியே இது உடலுட் புகுகின்றது. 2008 ஆம் ஆண்டில் இலங்கையில் ஏழாயிரத்துக்கு மேற்பட்டோர் இந்நோய்க்கு ஆளானதாக ஐயுறப்பட்டனர். 1907 இல் சிரிம்சன் என்னும் அமெரிக்கர், இறந்த ஒருவரின் சிறுநீரகத்தில் இச்சுருளியைக் கண்டபோது, அதன் நுனி கொக்கிபோல வளைந்து வினாக்குறியை ஒத்திருத்தலை நோக்கி, அவ்வுருவமே பொருளாகப் பெயரிட்டார். அப்பெயர் இன்றும் வழங்குகின்றது. ஆயின், இதன் பருமை மைக்கிரோமீற்றரின் பத்திலொரு பங்கேயாதலால், சாதாரண ஒளியில் இது தெரியாது. பின்புலத்தை இருளாக்கி, உயிரின்மேற் படும் ஒளியை மட்டும் கண்ணுக்கு அனுப்பும் இருட்புல நுணுக்குக்காட்டியிலேயே வெள்ளி இழைபோல நெளிந்து தோன்றும். உருவம் மிகத் தெளிவானதாயினும், காணும் கருவி இல்லாத இடத்தில் அது பயன்படாது என்பதற்கு இஃது ஓர் எடுத்துக்காட்டு. ஆகவேதான் மருத்துவர் சுருளியைக் காணும் வரை காத்திராது, நோயின் குறிகளையும் நோயாளி வயலில் இறங்கிய வரலாற்றையும் கொண்டே சிகிச்சையைத் தொடங்குகின்றனர்.

சுவரின் அமைப்பும் கிராமின் சாயமும்

பற்றீரியாவின் கலம் நிறமற்றது. நீரில் நீர்போல மறைந்து நிற்பது. எனவே சாயமூட்டிக் காணும் முறைகள் தோன்றின. 1884 இல் பேர்லின் நகரில், நிமோனியாவால் இறந்தோரின் நுரையீரலை ஆராய்ந்துகொண்டிருந்த டென்மார்க்கு மருத்துவர் ஹான்ஸ் கிறிஸ்தியன் கிராம், ஊதாச் சாயத்தையும் அதன்மேல் அயடீன் கரைசலையும் இட்டு, பின் மதுசாரத்தாற் கழுவினார். சில பற்றீரியாக்கள் ஊதா நிறத்தை விடாது பற்றிக்கொண்டன. சில அதனை இழந்தன. நிறமிழந்தவற்றைக் காண்பதற்குச் செந்நிறச் சாயமொன்றை இறுதியில் இடும் வழக்கம் பின்னர் ஏற்பட்டது. ஊதாவாய் நிற்பன கிராம் நேர் எனவும், சிவப்பாய்த் தோன்றுவன கிராம் எதிர் எனவும் பெயர்பெற்றன.

தம் முறை குறைபாடுடையது என்றே கிராம் கருதினார். அவர் கண்டது வெறும் நிறவேறுபாடன்று, இருவேறு கட்டடங்களின் வேறுபாடு என்பது இலத்திரன் நுணுக்குக்காட்டி வந்தபின்னரே விளங்கியது. கிராம் நேர் இனங்களின் சுவர், மாச்சத்தின் தன்மையும் புரதக்கூறும் பின்னிய வலையொன்று பல அடுக்காகத் தடித்து அமைந்தது. மதுசாரம் பட்டதும் அத்தடித்த வலை நீரிழந்து இறுகி, உட்புகுந்த சாயத்தைச் சிறைப்படுத்துகின்றது. கிராம் எதிர் இனங்களில் அவ்வலை மிக மெல்லியது. அதற்குப் புறத்தே கொழுப்பாலாகிய மென்சவ்வொன்று போர்த்திருக்கும். மதுசாரம் அக்கொழுப்பைக் கரைக்க, மெல்லிய வலையினூடாகச் சாயம் ஒழுகிவிடுகின்றது. ஒன்று கருங்கற் சுவரால் ஆனது. மற்றையது மெல்லிய சுவரின்மேல் எண்ணெய்ப் பூச்சுடையது எனலாம். புறக்காழும் அகக்காழும் நோக்கிய பண்டைத் தமிழர் பாகுபாட்டை இஃது நினைவூட்டுகின்றது.

இவ்வேறுபாட்டின் பயன் மருந்துத் தேர்விற் புலனாகும். பெனிசிலின், அச்சுவர் வலை கட்டப்படுவதைத் தடுத்தே பற்றீரியாவைக் கொல்லுகின்றது. கிராம் எதிர் இனங்களின் வெளிச்சவ்வு மருந்துகள் பலவற்றை வாயிலிலேயே தடுத்துவிடும். எனவே மூளையுறை அழற்சியுற்ற குழந்தையொன்றின் முதுகந்தண்டு நீரில் ஊதாநிறக் கோளமா, செந்நிறக் கோலா என்பது சில நிமிடங்களில் அறியப்படுமாயின், வளர்ப்புச் சோதனையின் முடிவு ஓரிரு நாட்களின் பின் வருமுன்னரே தக்க மருந்தைத் தொடங்குதல் இயலும்.

சளியிற் காணும் செங்கோல்கள்

சாயமூட்டலால் ஒரு நோயே பிடிபடுகின்றது என்பதற்குக் காசநோயினும் சிறந்த சான்று இல்லை. 1882 மார்ச்சு 24 அன்று கொக் இந்நோயின் கோலுருக்களைப் பேர்லினில் அறிவித்தார். அக்கோல்களின் சுவரில் மெழுகுபோன்ற கொழுப்பமிலங்கள் செறிந்திருத்தலின், சாதாரணச் சாயம் எளிதிற் புகாது. அதே ஆண்டிலும் அடுத்த ஆண்டிலும் சீல், நீல்சன் என்னும் இருவர் முறையைத் திருத்தினர். செஞ்சாயத்தை ஆவி எழுமளவு சூடாக்கினால் அது மெழுகினூடே புகும். புகுந்தபின், வன்மையான அமிலத்தாற் கழுவினும் நீங்காது. சூழவுள்ள பிறவெல்லாம் நிறமிழந்து, பின் இடும் நீலச் சாயத்தை ஏற்கும். நீலப் புலத்தில் மெல்லிய செங்கோல்கள், சற்றே வளைந்து, இரண்டொன்று சேர்ந்து கிடக்கக் காணலாம்.

தோட்டங்களிலே லயக்காம்பிராக்கள் ஒன்றோடொன்று முதுகொட்டி, சாளரம் குறுகி, ஓரறையிற் பலர் உறங்கும் வண்ணம் பத்தொன்பதாம் நூற்றாண்டில் அமைக்கப்பட்டன. இருமுவோரின் மூச்சு நீர்த்திவலை வெளியேற வழியில்லாத அவ்வறைகளிற் காசநோய் ஒருவரிடமிருந்து மற்றொருவர்க்குத் தாவுதல் எளிது. பனியிலும் மழையிலும் மலையேறிக் கொழுந்து கொய்யும் பெண்ணொருத்திக்கு இருமல் புதியதன்று. அதனைக் குளிர் என்றும், புகை என்றும் அவள் ஒதுக்கிவிடுவாள். பெரட்டுக்குப் போகாத நாளுக்குப் பேரும் இல்லை, சம்பளமும் இல்லை என்ற நிலையில், வைத்தியசாலைக்குச் செல்லும் ஒரு நாள் ஒரு நாளைய உணவாகும். இரண்டு வாரங்களுக்கு மேல் நீடிக்கும் இருமலுக்குச் சளிச் சோதனை வேண்டும் என்னும் விதியின் அருமை இங்கேதான் விளங்கும். அதற்கு வேண்டுவன கண்ணாடித் துண்டொன்று, சாயம் இரண்டு, அமிலம், ஒரு நுணுக்குக்காட்டி, பொறுமையுடைய ஒரு கண் ஆகியனவே. காலையில் எழுந்ததும் நெஞ்சின் ஆழத்திலிருந்து வரும் சளியே சிறந்தது, உமிழ்நீர் பயன்படாது.

ஆயினும் இம்முறைக்கும் எல்லையுண்டு. சளியின் ஒரு மில்லிலீற்றரில் ஐயாயிரம் முதல் பதினாயிரம் வரை கோல்கள் இருந்தாலன்றி அவை கண்ணிற் படுதல் அரிது. நூறு புலங்களையேனும் நோக்காது 'இல்லை' எனக் கூறலாகாது என்பது ஆய்வாளர்க்கு விதி. இன்னும், மண்ணிலும் நீரிலும் வாழும் மைக்கோபற்றீரியாக்கள் சிலவும் இதே செந்நிறத்தைக் காட்டும். எந்த மருந்துக்கு அக்கோல் அடங்கும், எதற்கு அடங்காது என்பதும் அதன் உருவத்தில் எழுதப்படவில்லை. இக்குறையை நீக்கவே நுண்ணுயிரின் பரம்பரையலகைச் சில மணி நேரத்திற் சோதிக்கும் பொறியை 2010 இல் உலகச் சுகாதார நிறுவனம் ஏற்றுக்கொண்டது. எனினும், ஆறு திங்கள் மருந்துண்ணும் நோயாளி தேறிவருகின்றாரா என அறிதற்குச் சளியிற் செங்கோல் குறைகின்றதா என்று நோக்கும் பழைய முறையே கைகொடுக்கின்றது.

இதன் உறவினமான தொழுநோய்க் கோலின் நிலை இன்னும் வியத்தற்குரியது. 1873 இல் நோர்வேயின் ஹான்சன் கண்ட அக்கோலைச் செயற்கை ஊடகத்தில் வளர்த்தவர் இன்றுவரை எவருமிலர். வளர்ப்புச் சோதனை இயலாதவிடத்து, சுருட்டுக்கட்டைப் போல அடுக்கடுக்காய்க் கிடக்கும் அதன் கோலமே நெடுங்காலம் சான்றாய் நின்றது.

வித்தியும் உறையும் சவுக்குமுளையும்

கலத்தின் புறத்தும் அகத்தும் அமைந்த வேறு சில உறுப்புகளும் இனங்காணத் துணைபுரிவன. அவற்றுள் முதலாவது வித்தி. சில கோலுருக்கள் வறட்சியும் பசியும் நேருங்கால், தம்முயிரைத் தடித்த ஓட்டினுட் பொதிந்து வித்தியாக உறங்கும். வித்தி கோலின் நடுவே உளதா, நுனியிலே உளதா, கோலைப் புடைக்கச் செய்கின்றதா என்பன இனத்தின் அடையாளங்கள். ஏற்புவலியைத் தரும் கோலில் அது நுனியிற் பருத்து நிற்றலால், மேளக்குச்சி போன்ற தோற்றம் உண்டாகும். 1889 இல் யப்பானிய அறிஞர் கிற்றசாத்தோ, பல இனங்கள் கலந்த வளர்ப்பை 80 பாகை வெப்பத்தில் வைத்து, வித்தியில்லாதன யாவும் மடிய, எஞ்சியதைத் தனித்தெடுத்தார். ஓர் உறுப்பின் வன்மையே அவ்வினத்தைப் பிரித்தெடுக்கும் கருவியாயிற்று.

இதிலிருந்து மலைநாட்டார்க்கு ஒரு பாடமுண்டு. ஹப்புத்தளை போன்று 1,400 மீற்றர் உயரத்தில் அமைந்த ஊர்களில் நீர் ஏறத்தாழ 95 பாகையிலேயே கொதித்துவிடும். குடிநீரால் வரும் நோய்க்கிருமிகளை அவ்வெப்பமே மாய்த்துவிடும். எனவே கொதித்தாறிய நீரைப் பருகுதல் காப்பாகும். வித்தியோ எவ்வூரிற் கொதித்த நீருக்கும் அஞ்சாது. தொப்புட்கொடி அறுக்கும் கத்தியை அழுத்த நீராவியாற் கிருமிநீக்க வேண்டும் என்பது இதனாலேயே. தாய்மார்க்கு ஏற்புவலித் தடுப்பூசியும், பிள்ளைப்பேற்றின்போது தூய்மையும் பேணப்பட்டமையால், இலங்கையை உள்ளிட்ட தென்கிழக்காசிய வலயம் பச்சிளங்குழந்தைகளின் ஏற்புவலியை ஒழித்துவிட்டதாக 2016 இல் அறிவிக்கப்பட்டது.

இரண்டாவது உறை. நிமோனியாவின் இரட்டைக் கோளங்களைச் சூழ வழவழப்பான உறையொன்று இருப்பதால், உடலின் வெண்குருதிக் கலங்கள் அவற்றைப் பற்றி விழுங்க முடிவதில்லை. உறையிழந்தவை நோய் செய்யும் வலியையும் இழக்கின்றன. மூன்றாவது சவுக்குமுளை. நீந்துதற்குரிய இந்நுண்ணிழை ஒரு முனையில் ஒன்றாகவோ, இருமுனையிலுமோ, உடலெங்கணுமோ அமையலாம். சிலவற்றில் அறவே இல்லை.

இச்சவுக்குமுளையின் அருமையைத் தோட்டத்து நீர்நிலைகளோடு இயைத்து நோக்கினால் நன்கறியலாம். மலைச்சரிவில் ஊற்றாய் எழும் நீர் ஓடையாகி, ஒரு லயத்தின் பீலியில் விழுந்து, மேலும் ஒழுகி அடுத்த லயத்தின் பீலியை அடைகின்றது. மேல்லயத்தின் கழிவு கீழ்லயத்தின் குடத்திற் சேர்தல் எளிது. அந்நீரால் வருவனவற்றுள் நெருப்புக்காய்ச்சலும் வயிற்றுளைவும் அடங்கும். முன்னையது சல்மொனெல்லா தைபியாலும், பின்னையதன் ஒரு வகை ஷிகெல்லாவாலும் உண்டாகின்றன. இவ்விரண்டும், யாவர் குடலிலும் தீங்கின்றி வாழும் கோலை என்னும் இனத்தோடு, கிராம் எதிர்க் கோல்களே. மூன்றையும் ஒரு கண்ணாடியில் வைத்தால் எத்துணைத் தேர்ந்த கண்ணும் பிரித்தறியாது. தொங்குதுளியில் உயிரோடு நோக்கினால் மட்டும் ஒரு சிறு வேறுபாடு புலப்படும்: சவுக்குமுளை இல்லாமையால் ஷிகெல்லா நீந்தாது.

அச்சவுக்குமுளையிலிருந்தே நுட்பமான மற்றொரு பாகுபாடும் பிறந்தது. நீந்தும் இனங்கள் வளர்ப்புத் தட்டில், குளிர்காலையிற் கண்ணாடிமேல் மூச்சுவிட்டாற் படரும் மூட்டம்போலப் பரவும், நீந்தாதன பரவா. இதனை நோக்கிய வைல், பீலிக்சு என்னும் இருவர், சவுக்குமுளைப் பொருளுக்கும் உடற்பொருளுக்கும் எதிராகக் குருதியில் வெவ்வேறு எதிர்ப்பொருள்கள் தோன்றுதலைக் கண்டனர். அவ்வழியே சென்று, கண்ணால் ஒன்றேபோலத் தோன்றும் சல்மொனெல்லாவை அறிஞர் 2,500 க்கு மேற்பட்ட வகைகளாகப் பிரித்துள்ளனர்.

உருவம் ஒன்று, நோய் இரண்டு

உருவத்தை நம்புதலின் எல்லையை இலங்கையே உலகுக்குக் காட்டியதெனலாம். வரண்ட நிலக் கிராமங்களிலே 'பறங்கி' என்னும் கொடிய புண்ணோய் நெடுங்காலம் பரவியிருந்தது. குழந்தைகளின் தோலிற் கொப்புளமாய்த் தோன்றி, எலும்பையும் மூக்கையும் சிதைப்பது அந்நோய். அதுபற்றி அரசாங்கத்தின் தலைமை மருத்துவ அதிகாரியாயிருந்த கின்சி 1881 இல் ஓர் அறிக்கை வெளியிட்டார். தமிழ்நாட்டிலோ 'பறங்கிப்புண்' என்ற பெயர் மேகநோயைக் குறித்தது. இருநோய்க்கும் பெயர் நெருங்கியிருந்தமை போலவே, காரணமும் நெருங்கியிருந்தமை பின்னர்த் தெரிந்தது.

1905 இல் பேர்லினில் சௌடின், ஹொவ்மன் ஆகிய இருவரும் மேகநோயின் சுருளியைக் கண்டறிந்தனர். அதே ஆண்டில், கொழும்பிலிருந்த பற்றீரியவியல் நிலையத்தின் பணிப்பாளராகிய இத்தாலியர் அல்டோ கஸ்ரெலானி, பறங்கிப் புண்களில் ஒரு சுருளியைக் கண்டார். மெலிவாலும் வளைவாலும் நெளியும் பாங்காலும் அது மேகநோய்ச் சுருளியினின்று சிறிதும் வேறுபடவில்லை. ஆயினும், பறங்கி குழந்தைகளிடையே தோலோடு தோல் பட்டுத் தொற்றுவது. மேகநோய் பெரும்பாலும் பாலுறவாற் பரவுவது. உருவம் ஒன்றாயினும் நோயின் ஒழுக்கம் வேறு என நோக்கி, கஸ்ரெலானி அதற்குத் தனிப்பெயர் இட்டார்.

இத்துணிவு சரியோ என்ற வாதம் பல்லாண்டு நீடித்தது. குருதிச் சோதனைகளும் இரண்டையும் பிரித்துக் காட்டவில்லை. பரம்பரையலகுகள் முழுமையாக வாசிக்கப்பட்ட பின்னரே, இரண்டும் ஓரினத்தின் உட்பிரிவுகள் என்பதும், அவற்றின் வேறுபாடு ஆயிரத்தில் இரண்டு பங்கினும் குறைவு என்பதும் தெளிவாயின. அவ்வளவு சிறிய வேறுபாடு நுணுக்குக்காட்டியின் கண்ணுக்கு அகப்படாமை இயல்பே. இங்கே ஒரு பிழையான துணிபு எத்துணைத் துன்பம் விளைத்திருக்கும் என்பதையும் எண்ணவேண்டும். பறங்கி கொண்ட சிறுபிள்ளையின் புண்ணிற் சுருளியைக் கண்டு, அப்பிள்ளையின் பெற்றோரை ஒழுக்கங்கெட்டவர் என ஒருவர் கருதிவிடக்கூடும். உருவத்தை மட்டும் சான்றாகக் கொள்வோர் அறிவியலில் மட்டுமன்றி அறத்திலும் தவறிவிடுவர்.

வெலிமடை உருளைக்கிழங்கும் மாறிய பெயர்களும்

மக்கள் நோய்களோடு இவ்வாராய்ச்சி முடிவதன்று. வெலிமடை, ஊவா-பரணகம, பண்டாரவளைப் பகுதிகளின் உழவர்க்கு உருளைக்கிழங்கு முதன்மையான பணப்பயிர். முதல்நாள் பசுமையாய் நின்ற செடி மறுநாள் உச்சிவெயிலில் தலைசாய்ந்து, மாலையிற் சற்றே தேறி, சில நாட்களில் முற்றும் வாடிவிடும். வேரழுகலோ பூஞ்சணமோ என எண்ணி, கடன்பட்டு வாங்கிய பூஞ்சண மருந்தைத் தெளிக்கும் உழவர் பொருளையும் இழப்பர், பயிரையும் இழப்பர். பற்றீரியா வாடல் நோயாயின் அம்மருந்து எட்டுணையும் பயன்படாது.

இதனை அறிய நுணுக்குக்காட்டியும் வேண்டுவதில்லை. வாடிய செடியின் அடித்தண்டில் இரண்டங்குலத் துண்டை அறுத்து, தெளிந்த நீருள்ள கண்ணாடிக் குவளையில் ஒரு முனை தோயுமாறு பிடித்தால், சில நிமிடங்களில் அறுபட்ட வாயிலிருந்து பால்போன்ற வெண்ணிழை கீழ்நோக்கி இறங்கும். அவ்விழை கோடிக்கணக்கான பற்றீரியாக்களின் திரள். அவை நீர்க்குழாய்களை அடைத்தமையாலேயே செடி வாடிற்று. பூஞ்சண வாடலில் இவ்வெண்ணிழை தோன்றாது. தூய விதைக்கிழங்கு, பயிர்ச்சுழற்சி, நோயுற்ற செடியை அகற்றல், நீர்வழியைப் பிரித்தல் என்பனவே இதற்குப் பரிகாரம்.

இப்பற்றீரியாவின் பெயர் வரலாறு பாகுபாட்டியலின் வரலாற்றையே சுருக்கிக் காட்டுகின்றது. 1896 இல் அமெரிக்கரான எர்வின் சிமித் இதனைக் கோலுருவென நோக்கி, பசிலசு என்னும் கணத்திற் சேர்த்தார். பின்னர் வித்தியுடைய கோல்களுக்கே அப்பெயர் உரியதாக, வித்தியற்றதும் முனைச் சவுக்குமுளையால் நீந்துவதுமான இது சூடோமோனாசு ஆயிற்று. 1992 இல் அதன் உட்பொருள்களும் பரம்பரையலகும் நோக்கி பேர்க்கோல்டேரியா எனவும், 1995 இல் ரல்ஸ்ரோனியா எனவும் மாற்றப்பட்டது. 2014 இல் அதுவும் மூன்று இனங்களாகப் பிரிக்கப்பட்டது. முதலில் உருவம், அடுத்து உறுப்பு, அதன்பின் வேதிப்பொருள், இறுதியிற் பரம்பரையலகு என ஒவ்வொரு பெயரும் அக்காலத்து அறிஞர் எதனைச் சான்றாகக் கொண்டனர் என்பதற்குக் கல்வெட்டாய் நிற்கின்றது. வெலிமடை வயலில் வாடும் செடியோ ஒன்றுதான்.

முடிவுரை

உருவத்தாற் பெற்ற கணங்கள் இயற்கை உறவோடு ஒத்துச் செல்லாதிருத்தல் கூடும் என்பதைக் கோன் தாமே உணர்ந்திருந்தார். 1977 இல் அமெரிக்கரான கார்ல் வூசு, எல்லா உயிர்களின் கலங்களிலும் புரதம் ஆக்கும் உறுப்பின் பரம்பரைக் குறிப்பை ஒப்புநோக்கி, பற்றீரியா என எண்ணப்பட்டவற்றுள் ஒரு கூட்டம் முற்றிலும் வேறான பெருங்குலத்தைச் சேர்ந்தது எனக் காட்டியபோது, அவ்வையம் உறுதியாயிற்று. கோளங்கள் யாவும் ஒரு குலமல்ல; கோல்கள் யாவும் உடன்பிறப்புகளல்ல. சுவரே இல்லாத, நிலையான உருவமும் இல்லாத மைக்கோபிளாசுமாவோ, தடித்த சுவருடைய கிராம் நேர் இனங்களுக்கே உறவாக முடிந்தது.

எனின், உருவம் நோக்கும் பழைய முறை கைவிடற்பாலதோ? அன்று. இனப்பாகுபாடும் இனங்காணலும் வேறுவேறு தொழில்கள். உயிர்களின் உறவை நிறுவும் அறிஞர்க்கு உருவம் போதாத சான்று. நோயாளியின் அருகில் நிற்கும் மருத்துவர்க்கோ அது விரைந்து கிடைக்கும் முதற்சான்று. மாலையா குலையா, ஊதாவா சிவப்பா, வித்தியுண்டா இல்லையா, நீந்துமா நீந்தாதா என அடுத்தடுத்துக் கேட்கப்படும் ஒவ்வொரு வினாவும், ஆயிரக்கணக்கான இனங்களிலிருந்து பாதியைத் தள்ளிப் பாதியை நிறுத்துகின்றது. இறுதியில் எஞ்சும் சிலவற்றைப் பிரிக்கவே வளர்ப்பும் குருதிச் சோதனையும் பரம்பரையலகுச் சோதனையும் வேண்டப்படுகின்றன.

ஊவாத் தோட்டங்களின் பிள்ளைகள் பலர் இன்று விஞ்ஞானம் கற்கின்றனர். அவருட் சிலர் ஆய்வுகூடங்களிற் பணிபுரிவோராகவும் மருத்துவராகவும் வருவர். விலையுயர்ந்த பொறிகள் எல்லா இடத்தும் இரா. பசறையிலோ லுணுகலையிலோ ஒரு தோட்டத்திலிருந்து வந்த சளியைக் கண்ணாடியிற் பூசி, சூடாக்கி, கழுவி, நூறு புலங்களையும் சலியாது நோக்கும் ஒருவர், நூற்றோராவது புலத்தில் ஒரு செங்கோலைக் காணக்கூடும். அதனால் ஒரு லயத்திலுள்ள அத்தனை குழந்தைகளும் காக்கப்படுவர்.